வரைந்தவர், சரிபார்த்தவர்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். உடம்பைப் பொறுத்தவரை இங்கே எங்கள் இருவருக்கும் பெரிய குறை ஒன்றும் இல்லை. என் முழங்கால் மாடிப்படி ஏறும்போது மட்டும் நானும் இருக்கிறேன் என்று சொல்கிறது, அம்மாவின் இரத்த அழுத்தம் மாத்திரைக்குக் கட்டுப்பட்டு நிற்கிறது. நீயும் மாப்பிள்ளையும் சுகம் என்பதைப் போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டோம், அந்தக் குளிர் ஊரில் அப்படியே சுகமாக இருக்க வேண்டும். பேத்தி முன்பல் விழுந்த வாயைக் கேமராவுக்குள் நுழைத்துக் காட்டியதை அம்மா இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறாள். பல் முளைக்கும்வரை ஆப்பிளை நறுக்கிக் கொடு, கடிக்க விடாதே.

போனில் பேசுகிற காலத்தில் இந்த மனுஷன் எதற்குத் தாள் தாளாக எழுதுகிறார் என்று நினைப்பாய். நீ அன்றைக்குக் கேட்டதற்கு என்னால் போனில் பதில் சொல்ல முடியவில்லை, அம்மா பக்கத்தில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்தாள். "அம்மாதான் கேஸ்ல ஜெயிச்சுட்டாங்களே, அப்புறம் ஏம்ப்பா குரல் இப்படிக் கிடக்கு? சித்தி போனதாலயா? அப்படின்னா ஏன் சித்தியைப் பத்தி ஒரு வார்த்தைகூடப் பேச மாட்டேங்கறாங்க?" என்று கேட்டாய். நான் சிக்னல் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன். சிக்னல் நன்றாகத்தான் இருந்தது. காலமெல்லாம் பத்திரிகையில் விளையாட்டுப் பக்கம் எழுதியவன் நான், எந்த ஆட்டமானாலும் யார் ஜெயித்தார்கள் என்பதை முதல் வரியிலேயே எழுதிவிட வேண்டும் என்று பழகியவன். இதை அப்படி எழுத எனக்கு வரவில்லை. நடந்த வரிசையிலேயே எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

அம்மாவும், கூடப் பிறக்காமலே உனக்குச் சித்தியான கீழ்வீட்டுச் சித்தியும் நில அளவைத் துறையின் வரைபடப் பிரிவில் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள் என்பது உனக்குத் தெரியும். தேர்வில் அம்மாவுக்கு மதிப்பெண் கொஞ்சம் அதிகம், அதனால் பணி மூப்புப் பட்டியலில் அம்மா பெயர் மேலே, சித்தி பெயர் அதற்கு நேர் கீழே. அந்தப் பிரிவில் ஒரு வழக்கம் உண்டு. ஒருவர் வரைந்த வரைபடத்தை அவரே சரிபார்க்கக் கூடாது, தன் கண்ணுக்குத் தன் தப்பு தெரியாது என்பது அங்கே சட்டம். ஒவ்வொரு வரைபடத்தின் வலது கீழ் மூலையிலும் இரண்டு கட்டம் இருக்கும், ஒன்றில் வரைந்தவர், இன்னொன்றில் சரிபார்த்தவர். தப்பு கண்டால் சிவப்புப் பென்சிலால் அதன் மேல் ஒரே ஒரு கோடு போட வேண்டும், ரப்பரால் அழிக்கக் கூடாது, கிறுக்கக் கூடாது, அடித்தது என்ன என்று பின்னால் வருகிறவன் படிக்க முடிய வேண்டும். அம்மா வரைந்ததைச் சித்தி பார்ப்பாள், சித்தி வரைந்ததை அம்மா பார்ப்பாள். அலுவலகத்தில் இருவருக்கும் சேர்த்து ஒரே பட்டப்பெயர், 'இரட்டைக் கையெழுத்து'. ஒருத்தி விடுப்பில் போனால் மற்றவளைப் பார்த்து, என்னம்மா இன்னிக்கு ஒற்றைக் கையெழுத்தா, அது செல்லுபடியாகாதே என்பார்கள். உன் பள்ளிக் கட்டுரையில் சித்தி அப்படி ஒரு சிவப்புக் கோடு போட்டாள் என்று நீ மாடிக்கு வந்து அழுதாயே, அம்மா வாங்கிப் பார்த்துவிட்டு, கோடு சரியான இடத்துலதான் இருக்கு, போய்த் திருத்து என்றாள். அப்படி ஒரு கட்சி அவர்கள்.

ஏழு வருஷத்துக்கு முன்னால் உதவி இயக்குநர் பதவி ஒன்று காலியானது. ஒரே இடம். பட்டியலில் மேலே இருந்தவள் அம்மா. பதவி உயர்வுக் குழு கூடி சித்தியின் பெயரை எழுதிக் கொடுத்துவிட்டது. மூத்தவரைத் தாண்டி இளையவரை எடுத்தால் ஏன் எடுத்தோம் என்று காரணம் எழுத வேண்டும் என்பது விதி, குழு ஒரு காரணமும் எழுதவில்லை. இயக்குநரின் அறைக்கு அடிக்கடி போய் நின்று வணக்கம் சொல்லாதவள் உன் அம்மா, சித்தியும் அப்படித்தான், ஆனால் யாரையாவது ஒருத்தியைத் தாண்டிப் போக வேண்டும் என்று குழுவுக்கு ஏதோ கணக்கு, இன்றுவரை அது என்ன என்று யாருக்கும் தெரியாது. உத்தரவு வந்த அன்று சித்தி அதைக் கையில் வைத்துக்கொண்டு நம் சமையலறைக் கதவோரம் நின்று அழுதாள். "எனக்கு வேணாம்னு எழுதிக் கொடுத்துடறேன் அக்கா" என்றாள். அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து, "பைத்தியமாடி நீ? நீ வேணாம்னா மூணாவதா இருக்கிற அந்த மீசைக்குப் போகும். வந்ததை விடாதே. எனக்கு வரவேண்டியதை நான் டிபார்ட்மெண்ட்கிட்ட கேட்டுக்கறேன். என் சண்டை உன்னோட இல்லை" என்றாள். நான் அப்போது அங்கேதான் இருந்தேன், வார்த்தை மாறாமல் எழுதுகிறேன்.

கேட்டாள். மேல்முறையீடு எழுதினாள், பதில் வரவில்லை. பிறகுதான் வக்கீலிடம் போனோம். வக்கீல் காகிதத்தைப் பார்த்துவிட்டு, கேஸ் நல்ல கேஸ்தாம்மா, ஆனா பதவி கிடைச்சவங்களை எதிர்மனுதாரரா சேர்த்தே ஆகணும், முதல் எதிர்மனுதாரர் அரசு, ரெண்டாவது துறை, மூணாவது அவங்க என்றார். அவர் இல்லாமல் அவர் பதவியைப் பற்றி நீதிமன்றம் ஒரு வார்த்தை சொல்லாது, மனு வாசல்படியிலேயே விழுந்துவிடும் என்றார். அம்மா முடியாது என்றாள். "அவளை நான் கோர்ட்டுக்கு இழுக்க மாட்டேன் சார், அவ என் வீட்டுக்குக் கீழ இருக்கா." வக்கீல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "கோர்ட்டுல மேல் வீடு கீழ் வீடெல்லாம் கிடையாதும்மா, கூண்டுதான் உண்டு, அதுவும் உங்களுக்கு இல்லை, சும்மா பெஞ்சுதான்" என்றார். அம்மா மனுவைப் போடாமலே திரும்பி வந்தாள். கெடு முடிய இருந்த நேரத்தில் சித்தியே மாடி ஏறி வந்தாள். யாரிடமோ விசாரித்திருக்கிறாள். "என் பேரையும் போட்டுடு அக்கா. போடலைன்னா உன் கேஸ் நிக்காதாம். பேர்தானே, போட்டா தேஞ்சா போயிடுவேன்?" என்றாள். அம்மா போட்டாள்.

அதற்கப்புறம் இரண்டு வருஷம் நடந்தது உனக்குச் சிரிப்பாக இருக்கும். வழக்கு பட்டியலில் வருகிற நாளெல்லாம் மனுதாரரும் மூன்றாம் எதிர்மனுதாரரும் ஒரே பஸ்ஸில் போவார்கள். முதலில் ஏறுகிறவள் ஜன்னல் சீட்டில் பையை வைத்து இடம் பிடிப்பாள். நீதிமன்றத்தில் ஒரே பெஞ்சு, மதியத்தில் வராந்தாக் கோடியில் ஒரே அடுக்குச் சாப்பாட்டுப் பாத்திரம். அந்தக் கூடத்தின் கடைநிலை ஊழியர் ஒருவர், நல்ல வாய்க்காரர், பேர் கூப்பிட்டுக் கூப்பிட்டுத் தொண்டை கட்டிப்போனவர், இவர்களைப் பார்த்துவிட்டு, "வாதியும் பிரதிவாதியும் ஒரே டப்பால சாப்பிடற கேஸை என் சர்வீஸ்ல இப்பதாம்மா பார்க்கிறேன், தீர்ப்பு எப்படி வந்தாலும் எனக்கு ஒரு வாய் வையுங்க" என்றார். சித்தி வைத்தாள். இந்தக் கதையெல்லாம் அம்மா உன்னிடம் போனில் சொல்லிச் சிரித்தது உனக்கு ஞாபகம் இருக்கும். அதற்குப் பிறகு சொல்லவில்லை, நீ சித்தி எங்கே என்று கேட்கும்போதெல்லாம் அவளுக்கு வேலை அதிகம் என்று சொல்லிக்கொண்டிருந்தோம். உனக்கு அப்போது கையில் குழந்தை, தூரத்தில் இருக்கிறவளுக்கு எதற்கு இது என்று விட்டுவிட்டோம்.

நடந்தது இது. ஒவ்வொரு எதிர்மனுதாரரும் தனித்தனியே பதில் மனு போட வேண்டுமாம். சித்திக்கு அலுவலகத்தில் யாரோ ஒரு வக்கீலைக் காட்டிவிட்டார்கள். அவர் எழுதிக் கொண்டுவந்த தாள்களில் சித்தி கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். அந்த மனு கூடத்தில் வாசிக்கப்பட்ட அன்று நானும் போயிருந்தேன், அம்மாவின் கோப்புப் பை கனமாக இருந்ததால் தூக்கிக்கொண்டு போனேன். இருவரும் தோளோடு தோள் உட்கார்ந்திருந்தார்கள். சித்தியின் வக்கீல் மூச்சு விடாமல் வாசித்துக்கொண்டே போனார். மனுதாரர் தம் பணியில் கவனக்குறைவானவர் என்றும், ஒப்படைத்த வேலையைத் தாமதப்படுத்தும் பழக்கம் உள்ளவர் என்றும், தகுதியுள்ள சக ஊழியரின் உயர்வைப் பொறுக்காமல் பொறாமையினால் இந்த வழக்கைத் தொடுத்திருக்கிறார் என்றும். வேகம் கூடாமல் குறையாமல், பால் கணக்கு வாசிக்கிற மாதிரி வாசித்தார். கவனக்குறைவு என்ற வார்த்தை வந்தபோது அம்மா மெல்ல நகர்ந்து உட்கார்ந்தாள். ஒரு கை அகலம்தான் நகர்ந்தாள், நான் பார்த்தேன்.

வராந்தாவில் சித்தி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "சத்தியமா எனக்குத் தெரியாது அக்கா. அவர் நீட்டினார், போட்டேன்" என்றாள். அம்மா, "படிக்காமலா? நீயா? ஒரு ஓடை அரை மயிரிழை தள்ளி வரைஞ்சிருந்தா ராத்திரி சாப்பிடாம உட்கார்ந்து கண்டுபிடிக்கிறவ, என்னைக் கவனக்குறைவுன்னு எழுதினதைப் படிக்காம கையெழுத்துப் போட்டியா?" என்றாள். அதோடு நின்றிருந்தால் அழுது தீர்ந்திருக்கும். சித்தி கையை விட்டுவிட்டாள். "நீ படிச்சியா உன் மனுவை? அதுல முதல் கோரிக்கை என்னன்னு தெரியுமா உனக்கு? மூன்றாம் எதிர்மனுதாரரோட பதவி உயர்வை ரத்து பண்ணணும். அப்புறம்தான் ரெண்டாவது, உனக்குக் கொடுக்கணும்கிறது. நோட்டீஸ் வந்த அன்னிக்கே படிச்சேன். ரெண்டு வருஷமா உன் பக்கத்துல உட்கார்ந்து பஸ்ஸுல வரேனே, வாயைத் திறந்தேனா அக்கா?" என்றாள்.

அம்மாவுக்கு அது தெரியாது. உண்மையாகவே தெரியாது. தனக்கு வர வேண்டியதைக் கேட்கிறோம் என்றுதான் நினைத்திருந்தாள். நம் வக்கீலிடம் நேரே போய்க் கேட்டதற்கு, "எல்லாப் பதவி உயர்வுக் கேஸ்லயும் அதுதாம்மா முதல் வரி, வழக்கமா எழுதறது. ஒரே நாற்காலிதானே இருக்கு, அவங்களை எழுப்பாம உங்களை எங்க உட்கார வைக்கிறது?" என்றார். அந்தப் பக்கத்து வக்கீலுக்கும் அது வழக்கமாக எழுதுகிற பத்திதான், யார் மேலும் அவருக்குக் கோபம் கிடையாது, அடுத்த கேஸில் வேறு ஒரு மனுதாரர் கவனக்குறைவானவர் ஆவார். வாழ்நாள் முழுக்க ஒருவர் தாளை ஒருவர் சரிபார்த்த இரண்டு பேர், தங்கள் சொந்தத் தாளில் மட்டும் யாரோ எழுதியதை நம்பிக் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். நான் பலமுறை யோசித்துப் பார்த்துவிட்டேன், இதில் யார் மேலும் தப்பில்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

வழக்கை வாபஸ் வாங்கிவிடு என்று நான் சொன்னேன். அம்மா கேட்கவில்லை. "இப்ப வாபஸ் வாங்கினா அந்தத் தாள்ல இருக்கிறது உண்மைன்னு ஆயிடும். கவனக்குறைவுன்னு எழுதி வெச்சுட்டு நான் ரிட்டயர் ஆகணுமா?" என்றாள். அதன்பின் ஒருத்தி முன் பஸ், ஒருத்தி பின் பஸ். பெஞ்சில் நடுவில் ஒரு ஆள் உட்காரும் இடம் காலியாகக் கிடக்கும். அந்த ஊழியர் வந்து, "நடுவுல யாரு உட்காரப் போறாங்க, ஜட்ஜா?" என்று கேட்டுப் பார்த்தார், இரண்டு பேரும் சிரிக்கவில்லை என்றதும் அவரும் விட்டுவிட்டார். வீட்டில் சண்டை என்று ஒன்று கிடையாது. மாடியில் தொட்டி நிரம்பி வழிந்தால் கீழே சித்தி மோட்டாரை நிறுத்திவிடுவாள், நம் பார்சல் வந்தால் வாங்கிப் படிக்கட்டில் வைத்துவிடுவாள். அவர்கள் துணி மழையில் நனைந்தால் அம்மா எடுத்து மடித்து அதே படிக்கட்டில் வைப்பாள். பேச்சு மட்டும் இல்லை. அப்படி நாலு வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது. அதற்குள் இருவரும் ஓய்வு பெற்றார்கள், அம்மா கண்காணிப்பாளராகவே, சித்தி உதவி இயக்குநராக. தன் பிரிவுபசார விழாவுக்குச் சித்தி வந்து கடைசி வரிசையில் நின்றுவிட்டுப் போனதாக அம்மா ஒருமுறை, கேட்காமலே, என்னிடம் சொன்னாள்.

சென்ற வருஷக் கடைசியில் சித்திக்குப் பக்கவாதம் வந்தது, அது உனக்குத் தெரியும். சித்தப்பாதான் கையும் ஓடாமல் காலும் ஓடாமல் பழைய விசிலை எடுத்து ஊதியிருக்கிறார். டிரில் மாஸ்டராக இருந்தவர், தெருவே கேட்கிற குரல், அன்றைக்குக் குரல் வரவில்லை, விசில்தான் வந்தது. நான் இறங்கி ஓடினேன். அம்மா ஆம்புலன்ஸுக்குப் போன் செய்துவிட்டு மாடிப்படி வளைவில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றாள், ஸ்ட்ரெச்சர் அவளைத் தாண்டித்தான் வெளியே போனது. ஆஸ்பத்திரிக்கு அவள் வரவில்லை. நான் திரும்பி வந்ததும் ஒரே ஒரு கேள்வி கேட்டாள், "வலது கையா?" ஆமாம் என்றேன். பேச்சும் போய்விட்டது என்றேன். உள்ளே போய்விட்டாள். மறுநாளிலிருந்து அந்தப் பழைய அடுக்குப் பாத்திரத்தில் சாப்பாடு வைத்து என் கையில் கொடுத்தனுப்பினாள், அது கழுவித் துடைத்துத் திரும்பி வரும், யாரும் யாருக்கும் ஒன்றும் சொல்லி அனுப்பவில்லை.

சித்தி வீட்டுக்கு வந்து படுக்கையோடு இருந்த சமயத்தில்தான் தீர்ப்பு வந்தது. இரண்டு கோரிக்கையும் ஏற்கப்பட்டது. மனுதாரர் மீது சொல்லப்பட்டவற்றுக்கு எந்த ஆதாரமும் இல்லை என்று நீதிபதி தனியாக ஒரு பத்தியே எழுதியிருந்தார், அம்மா அந்தப் பத்தியை மட்டும் நின்றபடியே படித்தாள். வாழ்த்துச் சொல்லி எத்தனையோ போன். உன் மாமா, "அக்கா, கவர்மெண்டையே மண்டி போட வெச்சுட்டே" என்றான். வக்கீல் ஒரு பெட்டி இனிப்பு அனுப்பினார், அது பிரிக்காமலே கெட்டுப்போனது. துறை தீர்ப்பை எப்படி நிறைவேற்றியது என்று கேள். அம்மாவுக்குப் பதவி கொடுப்பது பரிசீலனையில் இருந்தது, இன்னும் இருக்கிறது. சித்தியிடமிருந்து எடுப்பதில் பரிசீலனை எதுவும் இல்லை. அவள் அந்தப் பதவியில் இருந்ததே செல்லாது, ஓய்வூதியம் பழைய பதவிக்குக் குறைக்கப்படும் என்று கீழ்வீட்டுக்குக் கடிதம் வந்துவிட்டது. சித்தப்பா வேலை பார்த்தது தனியார் பள்ளி, அவருக்கென்று ஓய்வூதியம் கிடையாது, அவளுக்குப் பின் அவருக்கு வருவதும் அதில் பாதிதான். அவர் அந்தக் கடிதத்தை எடுத்துக்கொண்டு மாடிக்கு வந்தார். "சார், இது என்னன்னு புரியலை, படிச்சுச் சொல்லுங்க" என்று கேட்டார். கோபமில்லை, குத்தலில்லை, புரியவில்லை அவ்வளவுதான். நான் தாளை வாங்கி முதல் இரண்டு வரியை வாய்விட்டுப் படித்தேன். சமையலறையில் தண்ணீர் சத்தம் நின்றது. அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து, தாளை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டு, செருப்புப் போடாமல் கீழே இறங்கிப் போனாள்.

என்ன பேசினாள் என்று எனக்குத் தெரியாது. நான் கொஞ்சம் கழித்துப் போனபோது கட்டிலோரம் உட்கார்ந்து சித்தியின் வலது கை விரல்களை ஒவ்வொன்றாக நீவிக்கொண்டிருந்தாள். சித்தி கண்ணால் என்னைப் பார்த்து நாற்காலியைக் காட்டினாள், உட்காருங்கள் என்று.

மறுநாளே வக்கீலிடம் போனோம். அம்மா தீர்ப்பில் மாற்றம் வேண்டும் என்று மனுப் போடச் சொன்னாள். "ஜெயிச்ச கேஸ்ல திரும்பப் போய் நிக்கறவங்களை நான் பார்த்ததே இல்லைம்மா" என்றார். வழி இருக்கிறதா இல்லையா என்றாள். இருக்கிறதாம். மூன்றாம் எதிர்மனுதாரர் வகித்த பதவியையும் அதன் ஓய்வூதியத்தையும் கலைக்காமல், மனுதாரருக்காகக் கணக்கில் மட்டும் இன்னொரு இடம் உண்டாக்கித் தரலாமாம், நீதிமன்றம் அப்படிச் செய்வது உண்டாம். "இதை அன்னிக்கே கேட்டிருக்கலாமா சார்?" என்று அம்மா கேட்டாள். "கேட்டிருக்கலாம், நீங்க சொல்லலையே, நான் வழக்கமா எழுதறதை எழுதினேன்" என்றார் அவர். நல்ல மனுஷன்தான், பொய் சொல்லவில்லை. அம்மா, எழுதினதும் என்கிட்ட கொடுங்க, படிச்சுட்டுத்தான் கையெழுத்து என்றாள்.

வரைவு வந்ததும் கீழே கொண்டுபோனாள். என் மேஜையிலிருந்து சிவப்புப் பென்சிலை எடுத்துச் சீவி, சித்தியின் இடது கையில் கொடுத்து, பலகை ஒன்றை மடியில் வைத்து, தாளை அதில் வைத்து, வரிவரியாக வாசித்தாள். சித்தப்பா பலகை நழுவாமல் ஒரு ஓரத்தைப் பிடித்துக்கொண்டார். மூன்றாவது பத்தியில், மூன்றாம் எதிர்மனுதாரர் நோயுற்றுப் பேச்சிழந்த நிலையில் இருப்பதால் இரக்கத்தின் பேரில் என்று ஒரு தொடர் இருந்தது. பென்சில் அசைந்தது. பழக்கமில்லாத கை, கோடு நடுங்கி நடுங்கி வெகுநேரம் போனது. ஆனால் ஒரே கோடு. கீழே இருந்த எழுத்து நன்றாகப் படிக்க முடிந்தது. இரக்கம் வேண்டாம் என்கிறாள். அம்மா சிரித்தாள், எத்தனை காலம் கழித்து அந்தச் சிரிப்பைக் கேட்டேன். கடைசிப் பக்கத்தின் வலது கீழ் மூலையில் சித்தி எதையோ கிறுக்கினாள், அதை எழுத்து என்று சொல்ல முடியாது, ஆனால் அது எந்தக் கட்டத்துக்கான கையெழுத்து என்று அந்த அறையில் எல்லோருக்கும் தெரியும். வக்கீலிடம் கொடுத்தபோது, அந்த வரிதாம்மா நீதிபதி மனசைத் தொடும், அதைப் போய் அடிச்சிருக்கீங்களே என்றார். "சரிபார்த்தவங்க அடிச்சுட்டாங்க, எடுத்துடுங்க" என்றாள் அம்மா.

அதற்கப்புறம் சில வாரம் அம்மா சமையல் முடிந்ததும் கீழேதான் இருந்தாள். பேசிக்கொண்டே இருப்பாள், நாலு வருஷத்து அலுவலகக் கதை, மீசைக்கு வழுக்கை விழுந்தது, புதிய கணினியில் வரைந்த வரைபடத்தில் ஆறு மேட்டில் ஏறி ஓடுவது, எல்லாம். சித்தியின் தோள் குலுங்கும், சிரிக்கிறாள் என்று அர்த்தம். சித்தப்பா, "ரெண்டு பேர் பேசற சத்தத்தைவிட ஒருத்தி பேசற சத்தம் ஜாஸ்தியா இருக்கு" என்பார். அடுத்த பக்கவாதம் ஒரு காலையில் வந்து பல் தேய்ப்பதற்குள் எல்லாம் முடிந்துபோனது. உனக்கு நான்தான் போன் செய்தேன். அம்மா அழவில்லையா என்று கேட்டாய். அன்றைக்குச் சித்திக்குச் சேலை மாற்றியவள் அவள்தான், மடிப்பு ஒன்று சரியாக வரவில்லை என்று இரண்டு தடவை பிரித்துக் கட்டினாள். அழுகையை அவள் எங்கே வைத்திருக்கிறாள் என்று எனக்கும் தெரியவில்லை.

மாற்ற மனு அதற்கடுத்த வாரம் விசாரணைக்கு வந்தது. நானும் போனேன். பெஞ்சில் அம்மா பழைய இடத்தில், பக்கத்தில் ஒரு ஆள் இடம் விட்டுத்தான் உட்கார்ந்தாள், நான் அதில் உட்காரப் போனேன், அவள் பார்த்த பார்வையில் பின் பெஞ்சுக்குப் போய்விட்டேன். அந்த ஊழியர் வந்து, "இன்னிக்கு ஒருத்தர்தானாம்மா?" என்று கேட்டார். அம்மா தலையை மட்டும் ஆட்டினாள். வழக்கைக் கூப்பிட்டார்கள். நீதிபதி மனுவைப் புரட்டிவிட்டு, மூன்றாம் எதிர்மனுதாரர் தரப்பில் யார் என்று கேட்டார். அவளுடைய வக்கீல் வரவில்லை. நம் வக்கீல் எழுந்திருப்பதற்குள் அம்மா எழுந்துவிட்டாள். "அவங்க இறந்துட்டாங்க ஐயா. அவங்க படிச்சுப் பார்த்துட்டாங்க, அவங்களுக்குச் சம்மதம்" என்றாள். ஆறு வருஷத்துக்கு மேல் நடந்த வழக்கில் அவள் நீதிமன்றத்தில் வாயைத் திறந்தது அந்த ஒருமுறைதான். நீதிபதி குனிந்து எழுதினார். சித்தியின் பதவி பதவியாகவே நின்றது, சித்தப்பாவுக்கு வருவதில் குறை வராது. அந்த ஊழியர் அடுத்த பேரைக் கூப்பிட்டார். கீழே போய்ச் சித்தப்பாவிடம் அம்மா சொன்னபோது, அந்தப் பெரிய குரல்காரர் முதல் தடவையாக மெதுவாக, "அவகிட்டயும் சொல்லிடறேன்மா" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

இதுதான் நீ கேட்டதற்குப் பதில். ஜெயித்தது உண்மை. ஆனாலும் இனிமேல் போன் செய்யும்போது வழக்கைப் பற்றி வாழ்த்துச் சொல்லாதே, மாப்பிள்ளையிடமும் சொல்லிவை. சித்தியைப் பற்றி நீயாகப் பேசு, அவள் கேட்டுக்கொள்வாள், பதில் வரவில்லை என்று நிறுத்திவிடாதே. ஞாயிற்றுக்கிழமைகளில் சித்தப்பாவுக்கு ஒரு போன் போடு, பேத்தியைக் காட்டு, பல் விழுந்ததைப் பார்த்தால் விசில் ஊதச் சொல்லுவார். வீடு வாங்கும் பத்திரம் அடுத்த மாதம் கையெழுத்து என்றாயே, அதை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை படி, வழக்கமா எழுதறதுதான் என்று யார் சொன்னாலும் அந்த இடத்தை இன்னொரு தடவை படி, நீ படித்ததை மாப்பிள்ளை படிக்கட்டும். முதுகு வலிக்கு நல்ல நாற்காலியாக வாங்கிக்கொள், சம்பாதிப்பதே உட்கார்ந்துதானே. குறையில்லாமல், கையில் வேலையும் பக்கத்தில் துணையும் உள்ளவர்களாக நீங்கள் மூவரும் நெடுநாள் நன்றாயிருக்க வேண்டும், அதைத் தவிர எங்களுக்குக் கேட்க ஒன்றும் இல்லை.

இந்தக் கடிதத்தை அம்மாவுக்குக் காட்டாமல் அனுப்பிவிடலாம் என்றுதான் நினைத்திருந்தேன். உறையில் போடும்போது மனம் வரவில்லை, அவள் முன்னால் வைத்துவிட்டேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, சிவப்புப் பென்சிலைக் கையில் வைத்துக்கொண்டு முழுக்கப் படித்தாள். ஓரிடத்தில்தான் கோடு போட்டிருக்கிறாள், இதில் யார் மேலும் தப்பில்லை என்று நான் எழுதிய வரியின் மேல். ஒரே கோடு, நீ படிக்கலாம். ஓரத்தில் அவள் கையெழுத்தில், 'படிக்காமல் போட்டோம்' என்று இருக்கும். அதை எழுதிவிட்டுக் கொஞ்ச நேரம் அழுதாள். பிறகு என்னைக் கூப்பிட்டு, கீழே ரெண்டு கட்டம் போடுங்க என்றாள்.

வரைந்தவர்: அப்பா
சரிபார்த்தவர்: அம்மா